அப்பா தவறி ரெண்டரை வருஷம் தாண்டிருச்சு, கருணை வேலைக்கு இனிமே மனு குடுக்கலாமா?

வாசகர் கேள்வி:

சார், எங்க அப்பா திண்டுக்கல் மாவட்டத்துல ஒரு ஊராட்சி ஒன்றிய ஆபீஸ்ல ஜீப் டிரைவரா இருந்தாரு. சர்வீஸ்ல இருக்கும்போதே ஹார்ட் அட்டாக்ல தவறிட்டாரு, 2 வருஷம் 7 மாசம் ஆகுது. அப்பா சிபிஎஸ்ல, அதான் பங்களிப்பு ஓய்வூதிய திட்டத்துல சேர்ந்தவரு, அதனால அம்மாவுக்கு மாசாமாசம் பென்ஷன்னு எதுவும் வரல, குடும்ப பாதுகாப்பு நிதி 5 லட்சமும் சிபிஎஸ் பணமும் மட்டும் வந்துச்சு, அதுல பாதி கடனுக்கு போயிருச்சு. அம்மாவுக்கு வயசு 52, அஞ்சாவது வரைக்கும் தான் படிச்சிருக்காங்க. எனக்கு 23, பி.எஸ்சி மேத்ஸ் முடிச்சிருக்கேன். அண்ணன் கல்யாணம் ஆயி 5 வருஷமா திருப்பூர்ல பனியன் கம்பெனில இருக்காரு, தனிக்குடித்தனம். அப்பா தவறுன நாலாவது மாசமே அம்மா ஆபீஸ்ல போய் எங்க குடும்பத்துல ஒருத்தருக்கு வேலை குடுங்கனு எழுதி குடுத்தாங்க, இப்ப வேகன்ட் இல்ல வந்தா கூப்பிடுறோம்னு சொன்னாங்க, இன்னும் கூப்பிடல. எனக்கு வேலை குடுக்க சம்மதம்னு அண்ணன் கையெழுத்து போட மாட்டேங்குறாரு. மாமா வேற, பொண்ணுக்கு குடுக்க மாட்டாங்க, கல்யாணம் ஆனா அதுவும் போச்சுனு சொல்றாரு. எனக்கு கரூர்ல இருந்து வரன் வந்திருக்கு, தை மாசம் வைக்கலாம்ங்குறாங்க. தெரிஞ்சவர் ஒருத்தர் 3 லட்சம் குடுத்தா ஆறு மாசத்துல ஆர்டர் வாங்கி தரேன்னு சொல்றாரு. என்ன பண்றதுனே தெரியல சார்.

பதில்:

தங்கச்சி, உங்க லெட்டர்ல அண்ணன் கையெழுத்து, கல்யாணம், மாமா சொன்னது, 3 லட்சம்னு நாலஞ்சு கவலை இருக்கு, ஆனா நான் படிச்சவுடனே எனக்கு பக்குனு ஆனது அதுல எதுவும் இல்லமா, அந்த 2 வருஷம் 7 மாசம்ங்கறது தான். தமிழ்நாட்டுல கருணை அடிப்படையில, அதாவது சர்வீஸ்ல இறந்த அரசு ஊழியரோட குடும்பத்துல ஒருத்தருக்கு வேலை கேட்டு மனு குடுக்க, ஊழியர் இறந்த தேதில இருந்து 3 வருஷம் தான் டைம். உங்களுக்கு மிச்சம் இருக்கறது 5 மாசம். நீங்க கேட்ட மத்த எல்லாத்துக்கும் பதில் சொல்றேன், ஆனா அதெல்லாம் ஒரு பக்கம் மெதுவா ஓடட்டும், மனு மட்டும் இந்த வாரமே உள்ள போகணும்.

நீங்க கேப்பீங்க, அம்மா தான் நாலாவது மாசமே எழுதி குடுத்துட்டாங்களே சார்னு. குடுத்தாங்க, சரி, அதோட காப்பி உங்க கையில இருக்கா? அதுல ஆபீஸ் சீலும் தேதியும் போட்டு ஒப்புகை வாங்குனீங்களா? லெட்டர்ல அதப்பத்தி ஒரு வார்த்தை இல்ல, அதனால வாங்கலனு தான் நான் எடுத்துக்குறேன். அதுவும் போக, "குடும்பத்துல ஒருத்தருக்கு வேலை குடுங்க"னு பொதுவா எழுதுன பேப்பர அவங்க விண்ணப்பமாவே எடுத்துக்க மாட்டாங்க. யாருக்கு வேலை, அவங்க இறந்தவருக்கு என்ன உறவு, பிறந்த தேதி என்ன, என்ன படிச்சிருக்காங்க, மத்த வாரிசுங்களுக்கு சம்மதமா, இதெல்லாம் இருந்தா தான் அது விண்ணப்பம். நாளைக்கு கோர்ட்டுக்கே போனாலும் அரசு தரப்புல முதல் வரியே "குறித்த காலத்துக்குள் முறையான விண்ணப்பம் பெறப்படவில்லை"னு தான் வரும், இந்த வரிய நான் எத்தனையோ பதில் மனுவுல படிச்சிருக்கேன்.

அப்புறம் அந்த வேகன்ட் இல்லங்கற பேச்சு. நிறைய குடும்பம் இங்க தான் ஏமாந்து போகுது, அதனால கொஞ்சம் நிதானமா கேளுங்க. வேகன்ட் இல்லங்கறது வேலை குடுக்காம இருக்கறதுக்கு காரணமா இருக்கலாம், மனு வாங்காம இருக்கறதுக்கு அது காரணமே கிடையாது. மனுவ வாங்கி, நம்பர் போட்டு, சரிபார்த்து, தகுதி உள்ளவங்க லிஸ்ட்ல சேர்த்து வச்சுக்கணும், இடம் வரும்போது வரிசைப்படி குடுக்கணும், முறை அது தான். உங்க அப்பா ஆபீஸ்லயே இடம் இல்லனாலும் கலெக்டர் மூலமா மாவட்டத்துல வேற டிபார்ட்மென்ட்ல இடம் பாத்து போடவும் வழி இருக்கு. அந்த சீட்ல உக்காந்திருக்குறவர் உங்கள ஏமாத்தணும்னு சொல்லிருக்க மாட்டாரு, உண்மையிலேயே அன்னைக்கு இடம் இல்லாம இருந்திருக்கும், அம்மாவும் நம்பி வீட்டுக்கு வந்துட்டாங்க. ஆனா அவர் வாயில சொன்னதுக்கு நாளைக்கு சாட்சி யாரு இருக்கா, அவரே டிரான்ஸ்பர்ல போயிருப்பாரு.

கொஞ்ச வருஷத்துக்கு முன்னாடி ஒரு அம்மா என் ஆபீஸுக்கு வந்தாங்க, கையில ஒரு மஞ்சப்பை, அதுக்குள்ள பிளாஸ்டிக் கவர், அதுக்குள்ள பத்து பன்னெண்டு வருஷத்து பேப்பர். வீட்டுக்காரர் இறக்கும்போது பையனுக்கு 7 வயசு, பையன் பெரியவன் ஆனதும் அவனுக்கு தரோம்னு ஆபீஸ்ல யாரோ சொல்லிருக்காங்க, இந்தம்மா அதையே நம்பி பையன வளர்த்திருக்காங்க. ஒவ்வொரு பேப்பரா டேபிள்ல பரப்பி பாத்தேன். மனு எல்லாம் இருக்கு, அழகா கார்பன் காப்பி எடுத்து வச்சிருக்காங்க, ஆனா முதல் அஞ்சு வருஷத்து காப்பி ஒண்ணுல கூட சீல் இல்ல. "அவங்க வாங்கி வச்சுக்கிட்டாங்க சார், சீல் கேட்டா கோவிச்சுக்குவாங்கனு கேக்கல"னு சொன்னாங்க. அந்தம்மாவுக்கு அப்பவே 40 தான், பத்தாவது பாஸ், அவங்களே அன்னைக்கு விண்ணப்பம் போட்டிருந்தா இளநிலை உதவியாளரா உள்ள போயிருக்கலாம், 50 வயசு வரைக்கும் மனைவிக்கு இடம் உண்டு. இத நான் அவங்ககிட்ட சொல்லும்போது எனக்கே தொண்டை அடைச்சுக்கிச்சு. கேஸ் போட்டோம், நிக்கல.

ஏன் நிக்கலனா, இந்த கருணை வேலைய சட்டம் எப்படி பாக்குதுங்கறத நாம புரிஞ்சுக்கணும். நம்ம ஊர்ல "அப்பா வேலை மகனுக்கு"னு ஒரு பேச்சு உண்டு, ஏதோ அப்பா சேர்த்து வச்ச நிலம் மாதிரி. 1994ல ஹரியானா அரசு சம்பந்தப்பட்ட ஒரு வழக்குல உச்ச நீதிமன்றம் இத தெளிவா சொல்லிருச்சு, சம்பாதிச்சவர் திடீர்னு போயிட்டா அந்த குடும்பம் அந்த நேரத்துல விழுந்துடாம கை தாங்கறதுக்கு தான் இது, பரம்பரை பாத்தியதை கிடையாது, குடுக்கறதா இருந்தாலும் கடைநிலை, அதுக்கு மேல இருக்குற எழுத்தர் நிலை, இந்த ரெண்டுல தான் குடுக்கலாம்னு. இன்னைக்கு வரைக்கும் எல்லா கோர்ட்டும் அத தான் பிடிச்சுக்கிட்டு நிக்குது. அதனால வருஷம் ஓட ஓட, இத்தன நாள் எப்படியோ சமாளிச்சுட்டீங்களே, அப்ப நெருக்கடி தீர்ந்துருச்சுனு தானே அர்த்தம்னு கேள்வி வரும். 2024 நவம்பர்லயும் ஹரியானால இருந்து போன ஒரு வழக்கு, அப்பா போலீஸ் கான்ஸ்டபிள், 1997ல டியூட்டில இறந்தாரு, பையனுக்கு அப்ப 7 வயசு, மேஜர் ஆனப்புறம் கேட்டான், உச்ச நீதிமன்றம் முடியாதுனு சொல்லிருச்சு. கேக்க கல் மனசா தெரியும், எனக்கும் அந்த "சமாளிச்சுட்டீங்களே"ங்கற வாதம் ஜீரணம் ஆகல, குடும்பம் பட்டினி கிடந்து சமாளிச்சத சமாளிச்சதா கணக்கெடுக்கலாமானு எனக்கு ஒரு ஆதங்கம் உண்டு. ஆனா நடைமுறை இது தான், இத தெரிஞ்சுக்கிட்டு தான் நாம நடக்கணும்.

அதே கோர்ட் இன்னொரு பக்கமும் சொல்லிருக்கு, அது உங்களுக்கு சாதகம். 2022ல ஒடிசா வழக்கு ஒண்ணுல, கருணை விண்ணப்பத்த அதிகாரிங்க வருஷக்கணக்கா கிடப்புல போடக்கூடாது, முழுமையான விண்ணப்பம் வந்ததுல இருந்து 6 மாசத்துக்குள்ள முடிவெடுக்கணும்னு உச்ச நீதிமன்றம் சொன்னுச்சு. ஆக, விண்ணப்பம் முழுசா, தேதியோட உள்ள போயிருக்கணும், அதுக்கப்புறம் ஆகுற தாமதம் அவங்க கணக்கு, அதுக்கு முன்னாடி ஆகுற தாமதம் நம்ம கணக்கு.

இப்ப மனு விஷயம். 2020 ஜனவரில தொழிலாளர் துறை போட்ட அரசாணை 18, அப்புறம் 2023ல கொண்டு வந்த தமிழ்நாடு குடிமைப் பணிகள் கருணை அடிப்படை நியமன விதிகள், இது ரெண்டும் தான் இப்ப அடிப்படை. அப்பா ஊராட்சி ஒன்றியத்துல வேலை பாத்ததால விண்ணப்பம் பிடிஓ (வட்டார வளர்ச்சி அலுவலர்) ஆபீஸ் மூலமா கலெக்டர் ஆபீஸ் வளர்ச்சிப் பிரிவுக்கு போகும். விண்ணப்பதாரர் உங்க பேர்ல இருக்கணும், அம்மா பேர்ல இல்ல. அம்மாவுக்கு 50 தாண்டிருச்சு, உங்களுக்கு 23, பிள்ளைங்களுக்கு 40 வரைக்கும் உண்டு, அதனால வயசு பிரச்சனையே இல்ல. அம்மா தனியா ஒரு பேப்பர்ல, என் கணவர் இறந்துட்டாரு, எனக்கு வயசும் படிப்பும் இல்லாததால என் மகளுக்கு இந்த வேலைய தர முழு சம்மதம்னு எழுதி கையெழுத்து போடட்டும், அந்த ஒரு பேப்பர் ரொம்ப கனமான பேப்பர். கூடவே நீங்க, வேலை கிடைச்சா அம்மாவ கடைசி வரைக்கும் பாத்துக்குவேன்னு ஒரு உறுதிமொழி, நோட்டரி கிட்ட போட்டு வச்சுருங்க.

சேர்க்க வேண்டியது இறப்புச் சான்று, வாரிசுச் சான்று, உங்க டென்த் பிளஸ் டூ டிகிரி மார்க் ஷீட், டிசி, ஜாதிச் சான்று, குடும்ப அட்டை, ஆதார், அம்மா மறுமணம் செய்யலங்கற சான்று, வருமானச் சான்று, வீட்டுல யாரும் அரசு வேலைல இல்ல, குடும்பம் வறிய நிலைல இருக்குங்கற சான்று. பாதி இ-சேவை மையத்துலயே போட்டுரலாம், வறிய நிலை சான்றுக்கு தான் விஏஓ, ஆர்ஐ, தாசில்தார்னு படி ஏறணும். இதுல ஏதாவது ஒண்ணு வர லேட் ஆச்சுனா அதுக்காக மனுவ நிறுத்தி வைக்காதீங்க, கையில இருக்குறத வச்சு குடுத்துட்டு, "தாசில்தார் அலுவலகத்தில் விண்ணப்பித்துள்ளேன், கிடைத்தவுடன் சமர்ப்பிக்கிறேன்"னு மனுவுலயே எழுதி அந்த விண்ணப்ப நம்பரையும் போட்டுருங்க. ஒரிஜினல் எதையும் யார்கிட்டயும் குடுக்காதீங்க, காட்டுங்க, குடுக்காதீங்க.

அதுக்கு முன்னாடி எல்லா பேப்பரையும் தரையில விரிச்சு வச்சு அப்பா பேர மட்டும் ஒண்ணொண்ணா படிங்க. பணிப்பதிவேட்டுல ஒரு மாதிரி, இறப்புச் சான்றுல ஒரு மாதிரி, ஆதார்ல ஒரு மாதிரி இருக்கும். இன்ஷியல் மாறியிருக்கும், இல்லனா பேருக்கு நடுவுல ஒரு "ச்" கூட வந்திருக்கும், இப்படி ஒரே ஒரு ஒற்றெழுத்துக்காக ஒரு ஃபைல் 7 மாசம் மேலயும் கீழயும் போய் வந்தத நான் பாத்திருக்கேன். வித்தியாசம் இருந்தா தாசில்தார்கிட்ட ரெண்டு பேர்லயும் இருக்கறது ஒரே ஆள் தான்னு இப்பவே சான்று வாங்குற வேலைய ஆரம்பிச்சுருங்க.

குடுக்கற விதம் இன்னும் முக்கியம். ரெண்டு செட் எடுத்துக்கோங்க. நேரா செக்ஷன்ல இருக்குற கிளர்க்கிட்ட போகாதீங்க, தபால் வாங்குற சீட்டுக்கு போங்க, ஒரு செட்ட குடுத்துட்டு இன்னொரு செட்டோட முதல் பக்கத்துல சீல், தேதி, சின்னதா ஒரு கையெழுத்து வாங்குங்க. முகம் சுளிச்சா சுளிக்கட்டும், அது உங்க உரிமை, சண்டை போடாம சிரிச்ச முகமா நின்னு கேளுங்க, குடுத்துருவாங்க. போட மாட்டேன்னு சொன்னா ஒரு வார்த்தையும் பேசாம வெளிய வந்து அன்னைக்கே ஸ்பீட் போஸ்ட்ல பிடிஓவுக்கு ஒண்ணு கலெக்டருக்கு ஒண்ணு அனுப்பிட்டு, டெலிவரி ஆன விவரத்த பிரிண்ட் எடுத்து ரசீதோட பின் பண்ணி வைங்க. பத்து நாள் கழிச்சு போய் ந.க. எண் என்னனு கேளுங்க. அந்த நம்பர் விழுந்துருச்சுனா உங்க பேப்பர் ஃபைல் ஆயிருச்சுனு அர்த்தம், அதுக்கப்புறம் நீங்க எழுதுற ஒவ்வொரு லெட்டர்லயும் மேல அந்த நம்பர எழுதுங்க. திங்கட்கிழமை கலெக்டர் ஆபீஸ்ல மக்கள் குறைதீர்க்கும் நாள்ல மனு குடுத்துட்டு எல்லாம் முடிஞ்சதுனு நிறைய பேர் நினைச்சுக்குறாங்க, அது நினைவூட்டலுக்கு நல்லது, விண்ணப்பத்துக்கு பதிலா அது ஆகாது.

அம்மா அன்னைக்கு குடுத்த அந்த முதல் பேப்பரையும் விட்டுறாதீங்க. ஆபீஸ் தபால் பதிவேட்டுல அது ஏறியிருக்க வாய்ப்பு இருக்கு. தகவல் அறியும் உரிமைச் சட்டத்துல ஒரு மனு போடுங்க, 10 ரூபாய் கோர்ட் ஃபீ ஸ்டாம்ப் ஒட்டி, இந்த மாசத்துல இன்னார் குடுத்த மனு மேல என்ன நடவடிக்கை எடுத்தீங்க, பதிவேட்டு நகல் வேணும், கருணை நியமனத்துக்கு காத்திருக்குறவங்க பட்டியல் வேணும்னு கேளுங்க, 30 நாள்ல பதில் வரணும். பழைய மனு பதிவேட்டுல இருந்துச்சுனா உங்களுக்கு அது பெரிய பலம், புது மனுவுல அத மேற்கோள் காட்டிக்கலாம். ஆனா அந்த பதிலுக்காக காத்திருந்து புது மனுவ தள்ளிப் போட்டீங்கனா என்கிட்ட தான் திட்டு வாங்குவீங்க.

அண்ணன் விஷயத்துக்கு வரேன். இதுல நான் பாத்த வரைக்கும் நூத்துக்கு தொண்ணூறு வீட்டுல அண்ணன் தம்பி கையெழுத்து போடாததுக்கு காரணம் கெட்ட எண்ணம் கிடையாது, பயம். தடையில்லானு எழுதி குடுத்தா வீட்டுல, இடத்துல இருக்குற பங்கும் போயிருமோனு ஒரு பயம், யாராவது ஒருத்தர் டீக்கடைல உக்காந்து அப்படி சொல்லி விட்டிருப்பாங்க. அது உண்மை கிடையாது. கருணை வேலைங்கறது அப்பா விட்டுட்டு போன சொத்துல சேராது, அதுல பாகம் பிரிக்கவும் முடியாது, அதுக்கு சம்மதம் குடுக்கறதால சொத்து பாத்தியதை ஒரு துளி கூட குறையாது. அந்த பேப்பர்லயே "இந்த சம்மதம் என் தங்கைக்கு கருணை அடிப்படையில் பணி வழங்குவதற்கு மட்டுமே"னு ஒரு வரி சேர்த்து எழுதிருங்க, அண்ணனுக்கும் நிம்மதி, உங்களுக்கும் பிற்காலத்துல வம்பு இல்ல. வந்த பணத்துல எதுக்கு எவ்வளவு போச்சுங்கற கணக்கையும் அவர்கிட்ட காட்டுங்கமா. 5 லட்சம் வந்துச்சு, சிபிஎஸ்ல இவ்வளவு வந்துச்சு, கடனுக்கு இவ்வளவு போச்சுனு ஒரு பேப்பர்ல எழுதி அம்மா கையால குடுக்கட்டும், நீங்க போன்ல பேசுறத விட அம்மா ஒரு ஞாயித்துக்கிழமை திருப்பூர் போய் பேத்தி பேரன கொஞ்சிட்டு ராத்திரி சாப்பாட்டுக்கு அப்புறம் நிதானமா பேசுறது நல்லது, அண்ணியையும் பக்கத்துல உக்கார வச்சுக்கிட்டே பேசட்டும், அவங்களுக்கும் அதே பயம் தான் இருக்கும்.

அண்ணனே எனக்கு வேணும்னு கேட்டாருனா? அவருக்கும் வயசு இருந்தா மனு குடுக்க உரிமை இருக்கு, ஆனா அவர் அப்பா இருக்கும்போதே தனியா போய் சொந்தமா சம்பாதிக்கறவரு, அப்பாவ சார்ந்து இருந்தவங்க நீங்களும் அம்மாவும். குடும்பத்துல ஒருத்தர் ஏற்கனவே நிரந்தர வேலைல இருந்தா பொதுவா கருணை வேலை கிடைக்காது, அவர் இறப்புக்கு முன்னாடியே தனியா போயி, இந்த குடும்பத்துக்கு உதவி எதுவும் பண்ணாம இருந்தாருனா தான் மத்தவங்கள பரிசீலிப்பாங்க. அதனால அண்ணனோட திருப்பூர் குடும்ப அட்டை, வாடகை ஒப்பந்தம், கேஸ் புக் இதுல எதெல்லாம் அப்பா இறக்கறதுக்கு முன்னாடி தேதில இருக்கோ அதோட காப்பி வேணும். பாருங்க, தனிக்குடித்தனம்னு நிரூபிக்கற பேப்பரும் அவர்கிட்ட தான் இருக்கு, கையெழுத்தும் அவர்கிட்ட தான் இருக்கு, அதனால தான் சொல்றேன், இத சண்டையா ஆக்காதீங்க. ஆர்ஐ விசாரணைக்கு வரும்போது பக்கத்து வீட்டுலயும் கேப்பாரு, பையன் மாசாமாசம் பணம் அனுப்புறானாமேனு யாராவது பெருமைக்கு சொல்லி வச்சா அது ரிப்போர்ட்ல ஏறிரும், உண்மை என்னவோ அத மட்டும் எல்லாரும் ஒரே மாதிரி சொல்லுங்க. எவ்வளவு பேசியும் அண்ணன் கையெழுத்து போடலனா, அவர் மறுக்குற விவரத்தையும் அம்மா உங்களுக்கு சம்மதிக்கிற விவரத்தையும் எழுதி மனுவ குடுத்துருங்க, காலக்கெடுவ காப்பாத்திட்டு மிச்சத்த அப்புறம் பாத்துக்கலாம்.

மாமா சொன்னத பத்தி. பொண்ணுக்கு குடுக்க மாட்டாங்கங்கறது தப்பு, தினமும் எத்தனையோ பொண்ணுங்க கருணை வேலைல சேருறாங்க. கல்யாணம் ஆனா போச்சுங்கறது ஒரு காலத்துல பாதி உண்மையா இருந்துச்சு, ஆனா 2015லயே சென்னை உயர் நீதிமன்றம், கல்யாணம் ஆன மகள்ங்கற ஒரே காரணத்துக்காக மறுக்குறது சமத்துவத்துக்கு விரோதம்னு சொல்லிருச்சு, 2020ல கர்நாடக உயர் நீதிமன்றம் அந்த மாநில விதில இருந்த "திருமணமாகாத"ங்கற வார்த்தையவே அடிச்சு எடுத்துருச்சு. மகனுக்கு கல்யாணம் ஆயிருச்சானு யாரும் கேக்கறதில்ல, மகள்கிட்ட மட்டும் கேக்கறது என்ன நியாயம்னு தான் கோர்ட் கேட்டுச்சு. அதுக்காக கவனமா இருக்க வேண்டாம்னு இல்ல. அம்மாவ பாத்துக்கறது நீங்க தான்ங்கறது ஃபைல்ல தெளிவா இருக்கணும், மனு கல்யாணத்துக்கு முன்னாடி தேதில உள்ள இருக்கணும், இது ரெண்டும் இருந்தா தை மாசம் தாராளமா கல்யாணத்த வைங்க. வேலை வந்தப்புறம் தான் கல்யாணம்னு நல்ல வரன தள்ளி விட்டுறாதீங்க, இந்த லிஸ்ட்ல எத்தன மாசம் நிக்கணும், எத்தன வருஷம் நிக்கணும்னு யாராலயும் சொல்ல முடியாது. மாப்பிள்ளை வீட்டுலயும் இப்பவே சொல்லிருங்க, வேலைக்கு மனு போட்டிருக்கேன், வந்தா அம்மா என் பொறுப்புனு. அத கேட்டு முகம் மாறுற வீடா இருந்தா அதுவும் இப்பவே தெரிஞ்சுக்கறது நல்லது தானேமா.

3 லட்சம் கேக்குறவர்கிட்ட ஒத்த பைசா குடுக்காதீங்க, அதுல எனக்கு ரெண்டாவது பேச்சே இல்ல. நியமனம் கையெழுத்து ஆகுறது ஃபைல்ல, வரிசைப்படி, அந்த வரிசைல உங்களுக்கு இன்னும் ஒரு நம்பர் கூட இல்ல, அப்ப அவர் எத வாங்கி தருவாரு? இப்படி பணத்த குடுத்துட்டு ஆறு மாசம் அவர் பின்னாடி அலைஞ்சு, அந்த ஆறு மாசத்துல 3 வருஷ கெடுவும் முடிஞ்சு போன குடும்பத்த நான் பாத்திருக்கேன், பணமும் போச்சு வேலையும் போச்சு. சட்டமும் மாறிருச்சு, 2018 திருத்தத்துக்கு அப்புறம் லஞ்சம் குடுக்கறவங்க மேலயும் கேஸ் உண்டு. ஆபீஸ்ல இருக்குற ஒருத்தரே வற்புறுத்தி கேட்டு வேற வழி இல்லாம குடுத்தீங்கனா 7 நாளைக்குள்ள லஞ்ச ஒழிப்புத் துறைக்கு சொல்லணும், குடுக்கறதுக்கு முன்னாடியே சொல்றது அத விட நல்லது.

5 லட்சம் வாங்கிட்டீங்களே அப்புறம் என்ன ஏழ்மைனு ஒருத்தர் கேப்பாரு, அதுக்கும் தயாரா இருங்க. அந்த பணம் வந்ததுனால மட்டும் தகுதி போயிராது, ஆனா இப்ப கோர்ட் எல்லாம் குடும்ப நிலைய உன்னிப்பா பாக்குது, 2025ல ஒரு வங்கி ஊழியர் குடும்ப வழக்குல உச்ச நீதிமன்றம் பண நெருக்கடி நிஜமாவே இருக்கானு பாத்து தான் முடிவு சொன்னுச்சு. அதனால கடன் அடைச்ச ரசீது, ஆஸ்பத்திரி பில், அடகு கடை சீட்டு, வீட்டு வாடகைனு எல்லாத்தையும் ஒரு ஃபைல்ல போட்டு வைங்க. மாசம் எவ்வளவு வருது, எவ்வளவு போகுதுனு நேர்மையா எழுதுங்க, கூட்டியும் எழுத வேண்டாம், குறைச்சும் எழுத வேண்டாம்.

நீங்க கேக்கல, ஆனா கேப்பீங்க. டிகிரி முடிச்சதால பெரிய போஸ்ட் கேக்க முடியாது, சி, டி பிரிவு வேலை தான், அதாவது எழுத்தர் நிலை, கடைநிலை. உங்க படிப்புக்கு இளநிலை உதவியாளர் கேளுங்க, அதுக்கு பத்தாவது போதும், அடிப்படை சம்பளம் 19,500ல ஆரம்பிக்கும், அலுவலக உதவியாளர்னா 15,700. விண்ணப்பத்துலயே "இளநிலை உதவியாளர் அல்லது என் தகுதிக்கு ஏற்ற பணி"னு எழுதுங்க. இதுல ஒரு விஷயம் ரொம்ப கவனமா இருக்கணும். இப்ப இது தான் இருக்கு, சேந்துக்கோ, அப்புறம் மாத்தி தரோம்னு சொல்லி கீழ இருக்குற ஒரு வேலைய குடுப்பாங்க, ஒரு தடவ ஏத்துக்கிட்டு சேந்துட்டீங்கனா கருணை நியமன உரிமை அதோட முடிஞ்சுது, அப்புறம் எனக்கு இளநிலை உதவியாளர் தகுதி இருந்துச்சுனு திரும்ப கேக்க முடியாது. 1994லயே ராஜஸ்தான் வழக்குல சொன்னது இது, நம்ம தமிழ்நாட்டு பேரூராட்சிகள்ல துப்புரவு பணில சேந்தவங்க பிற்பாடு கேட்டப்பவும் 2025ல உச்ச நீதிமன்றம் அதையே தான் சொன்னுச்சு. அதனால ஆர்டர் வந்தா சேருறதுக்கு முன்னாடி எனக்கு ஒரு வார்த்தை சொல்லுங்க. ஆனா வீட்டு நிலைமை ரொம்ப மோசமா இருந்தா கிடைச்சதுல சேந்துருங்கனு தான் நான் சொல்வேன், அரசு வேலைல இருந்துக்கிட்டே குரூப் 4, குரூப் 2 எழுதி மேல வர யாரும் தடுக்கல. காத்திருக்குற காலத்துலயும் அந்த பரீட்சைக்கு படிங்க, டைப்பிங் தமிழ், இங்கிலீஷ் ரெண்டும் ஹையர் முடிச்சு வைங்க, தட்டச்சர் இடம் காலியா இருந்து இளநிலை உதவியாளர் இடம் இல்லாம போற நேரம் உண்டு, அப்ப அந்த சர்டிபிகேட் தான் கை குடுக்கும்.

மனு உள்ள போயி ஆறு மாசத்துல பதில் வரலனா உயர் நீதிமன்ற மதுரை கிளைல ரிட் மனு போடலாம், திண்டுக்கல் அதோட எல்லைக்குள்ள தான் வருது. அதுல வேலை குடுனு நேரா உத்தரவு வராது, இத்தன வாரத்துக்குள்ள விண்ணப்பத்த பரிசீலிச்சு முடிவு சொல்லுனு உத்தரவு வரும், ஃபைல் நகர அது போதும். நிராகரிச்சு ஆர்டர் குடுத்தா பயப்படாதீங்க, காரணம் எழுத்துல வந்துருச்சுனா அத எதிர்த்து வாதாட நமக்கு ஒரு பிடி கிடைக்குது, பதிலே இல்லாம வருஷம் ஓடுறத விட அது எவ்வளவோ மேல்.

உங்க அப்பா ஓட்டுன ஜீப்ல போன அதிகாரிங்க யாராவது இன்னும் அந்த மாவட்டத்துல இருப்பாங்க, அவங்கள போய் பாக்கறதுல கூச்சப்படாதீங்க, சிபாரிசுக்கு இல்ல, பணிப்பதிவேடு எந்த ஆபீஸ்ல இருக்கு, எந்த சீட் இந்த ஃபைல பாக்குதுனு சொல்லி விட்டாலே பாதி அலைச்சல் மிச்சம்.

திங்கட்கிழமை காலைல 10 மணிக்கெல்லாம் அம்மாவயும் கூட்டிக்கிட்டு பிடிஓ ஆபீஸ் போயிருங்க, ரெண்டு செட்டும் ஞாயித்துக்கிழமையே ரெடியா இருக்கட்டும். சாயங்காலம் அந்த சீல் போட்ட முதல் பக்கத்த போட்டோ எடுத்து எனக்கு அனுப்புங்க, தேதி தெளிவா விழுந்திருக்கானு நான் பாக்கணும்.